சுருளாத பாய்

சமாதானத்துக்கென்று பெரிய பாயை விரித்துவிட்டால், வழக்கு தீரும்வரை சுருட்டக் கூடாது என்பது திமோர் மலையூர்களின் வழக்கம். அந்தப் பாயில்தான், போர்க்காலத்தில் வீடுகளுக்குத் தீ வைத்ததை ஒப்புக்கொண்டு ருஃபினோ தலைகுனிந்து உட்கார்ந்திருந்தான்.

"வீட்டக் கொளுத்துனத விடு. எம் மகன எங்க போட்டீங்க?" என்று அல்சினா கேட்டாள். அவன் பாயின் ஓரத்தைக் கிள்ளிக்கொண்டிருந்தான்.

கூட்டத்தை நடத்த வந்திருந்த வெளிநாட்டு அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். மைதானத்தில் அவருக்கு ஹெலிகாப்டர் காத்திருந்தது. "அந்தம்மா என்ன சொல்றாங்க?" என்று மொழிபெயர்ப்பாளர் சுல்மிராவிடம் கேட்டார்.

"மன்னிச்சுட்டாங்களாம்," என்றாள் சுல்மிரா, அவருடைய மொழியில்.

அவர் கைதட்டிக் கூட்டத்தை முடித்துவைத்தார். எல்லோரும் எழுந்தார்கள். பாயைச் சுருட்டிக்கொண்டு வந்தவர்கள் பாதியில் நின்றுவிட்டார்கள். நாலு பேர் சேர்ந்து தள்ளியும் அதற்கு மேல் சுருளவில்லை. பாயின் மேல் யாரும் இல்லை. ஒருவர் சம்மணமிட்டு உட்கார்ந்த அளவுக்குப் பாய் அழுந்தியிருந்தது.

"விடுங்கப்பா, எம் மகன் உட்காந்திருக்கட்டும்," என்றாள் அல்சினா. "அவனுக்கென்ன, ஹெலிகாப்டரா காத்துக்கிட்டிருக்கு?" வெற்றிலையை மடித்து அந்தப் பள்ளத்தின் அருகே வைத்தாள்.

அதிகாரி திரும்பினார். "இப்ப என்ன சொல்றாங்க?"

சுல்மிரா தலைகுனிந்தாள். குனிந்த கண்ணுக்கு நேரே, வைத்த வெற்றிலையைக் காணோம்.