மூங்கில் தூக்கும் உத்தியோகம்

“அந்த ஆளு நிக்கிற கோயிலுக்குள்ள நா வர மாட்டேன் சாமி” என்று வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள் கத்தரீனாள். கையில் ஜெபமாலை, கண்ணில் கொள்ளிக்கட்டை.

உள்ளே, திங்கட்கிழமைப் பூசைக்கு வந்து கடைசித் தூணோரம் நின்ற வேதமுத்து தலையைக் குனிந்துகொண்டான். அவள் புருஷன் சுவக்கீனின் வேலைக்கு உலை வைக்கக் கோர்ட்டுக்குப் போனவன் அவன்தான்.

வேலை என்றால் ரொம்பப் பெரிய வேலை. காட்டிலாகா செக்போஸ்ட்டில் குறுக்கே கிடக்கும் மூங்கிலைத் தூக்க வேண்டும்; வண்டி போனதும் இறக்க வேண்டும். சுவக்கீன் வைத்த கோழிக்குழம்பைச் சாப்பிட்டுவிட்டு, பழைய ரேஞ்சர் விரலைச் சூப்பிக்கொண்டே கொடுத்த உத்தியோகம் அது. மனுவும் கிடையாது, உத்தரவும் கிடையாது.

ஆனாலும் அந்தக் காக்கிச் சட்டையைப் பார்த்துத்தான் கத்தரீனாளின் அப்பா பெண்ணைக் கொடுத்தார். சட்டை போனால் இருவரும் சின்னக்கானல் எஸ்டேட் லயத்து வீட்டுக்கே திரும்பித் தேயிலைக் கொழுந்து கிள்ள வேண்டியதுதான்.

‘முறையாக மனுப் போட்டவன் நான் இருக்க, குழம்பு வைத்தவனுக்கா வேலை?’ என்பது வேதமுத்துவின் வழக்கு.

கேரளம் பிறந்த கையோடு புது ரேஞ்சர் வந்து சேர்ந்தார். குழம்புக்கு மசியாதவர். இப்படிக் கொல்லைப்புறமாக வந்த மற்ற மூன்று பேரையும் போன மாதமே வீட்டுக்கு அனுப்பிவிட்டார். சுவக்கீன் விஷயம் கோர்ட்டில் கிடந்ததால் அவனை மட்டும் தொடவில்லை. கேஸ் ஒழிந்தால் வேலை நிலைத்துவிடும் என்பது கத்தரீனாளின் கணக்கு. அதற்காகத் தவசுகாலம் முழுக்கக் கறி தொடாமல் கிடந்தாள்.

சுவக்கீனோ வேதமுத்துவை ஒரு வசவு வைததில்லை. “விடுட்டி, அவனும் பிள்ளகுட்டிக்காரந்தான” என்பான். அதைக் கேட்டால் அவளுக்கு இன்னும் பற்றிக்கொண்டு வரும்.

பங்குச் சாமியார் பீடத்திலிருந்து இறங்கி வந்தார்.

“வேதமுத்து! பகைய வயித்துல வச்சிக்கிட்டு பாஸ்காத் திருநாளுக்கு நாக்க நீட்டி நன்ம வாங்க வருவியோ? கேஸ வாபஸ் வாங்குத. இல்லன்னா ஒம் மவ கல்யாண ஓலைய நா கோயில்ல வாசிக்க மாட்டேன், கல்யாணமும் நடக்காது.”

வேதமுத்துவுக்கு வேர்த்துக் கொட்டியது. “சாமி... அது வந்து... சுவக்கீன்ட்ட ஒரு வார்த்த கேட்டுக்கிட்டு...”

“அவன்ட்ட என்னவே கேக்கது? வேண்டாம்னா சொல்லுவான்?”

கோயிலே சிரித்தது. வேதமுத்துவின் பெண்சாதி அவன் விலாவில் இடித்த இடி வாசல் வரைக்கும் கேட்டது. அவன் தலையை ஆட்டிவிட்டான்.

சாமியார் ஆறப் போடுகிறவர் இல்லை. எஸ்டேட் ஜீப்பை வாங்கி, அவனைப் பின்னால் ஏற்றி, சாட்சிக்குக் கத்தரீனாளையும் உட்கார வைத்து, அன்றைக்கே தேவிகுளம் கோர்ட்டில் காரியத்தை முடித்தார்.

சாயங்காலம் ஜீப் செக்போஸ்ட்டில் வந்து நின்றது. காக்கிச் சட்டையில் சுவக்கீன் மிடுக்காக மூங்கிலைத் தூக்கினான். அந்த அழகைப் பார்த்துக்கொண்டே கத்தரீனாள் குதித்து இறங்கினாள்.

“அத்தான்! வேதமுத்து கேஸ வாபஸ் வாங்கிட்டாரு! கோர்ட்டுல எல்லாம் முடிஞ்சி போச்சி. இனும ஒங்கள எந்தப் பய அசைப்பான்?”

மூங்கில் அவன் கையிலிருந்து நழுவி, ஜீப்பின் மூக்கில் டமாரென்று விழுந்தது. சாமியார் சிலுவை போட்டுக்கொண்டார். வேதமுத்து ஜீப்பை விட்டு இறங்கவே இல்லை.

“ஏன் அத்தான், சந்தோசத்துல வாயடச்சிப் போச்சோ?”

சுவக்கீன் தலையில் கையை வைத்துக்கொண்டு சாலையிலேயே உட்கார்ந்தான்.

“அடி பாவி மட்ட, அவங் கால்ல விழுந்து அந்தக் கேஸப் போடச் சொன்னதே நாந்தானட்டி!”