கேமரா பார்க்காத வானம்

"கேமராவே பார்க்காத வானம் எதுக்கு மேடம்?"

தொழிலாளர் சங்கத் தலைவர் படப்பிடிப்பு அரங்கின் நடுவில் நின்று கேட்டார். தலைக்கு மேலே, லைட்மேன்கள் ஏறி நிற்கும் பலகைகளுக்குச் சற்றுக் கீழே, அரங்கு முழுக்கத் துணி வானம். இளநீலம். ஓரங்களில் மேகம்.

மேடம் ஒரு காலத்தில் திரைச்சீலைக்கு வண்ணம் அடித்தவர். பிறகு கலை இயக்குநர். இப்போது இந்தத் தொடரின் தயாரிப்பாளரும் அவரே. விரலில் நீலம் மட்டும் இன்னும் போகவில்லை.

"வெளிச்சம் கனவு மாதிரி இறங்குது, தலைவரே. நீங்களே பாருங்க."

உண்மைதான். கீழே நின்ற எல்லார் முகத்திலும் விடியற்காலை. அதுவே தலைவருக்கு எரிச்சலாக இருந்தது.

"போன மாசம் இதே பலகையிலேர்ந்து ஒருத்தன் விழுந்தான். இடுப்பு போச்சு. அடியில வலை கட்டுங்கன்னு கேட்டோம். என்ன சொன்னீங்க?"

"சேனல்ல ஒத்துக்கலன்னு சொன்னேன்."

சேனலில் கையெழுத்துப் போடுகிறவர்கள் பலகை மேல் ஏறுவதில்லை.

"உழைக்கிறவன் எலும்புக்கு ஒத்துக்க மாட்டாங்க. மேகத்துக்கு மட்டும் ஒத்துக்குவாங்களோ?"

மேடம் அண்ணாந்து, ஒரு மேகத்தின் ஓரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தலைவரின் தங்கை கணவர் அங்கேதான் லைட்மேன். மெல்லச் சட்டையைப் பிடித்து இழுத்தார். "விடுங்க மச்சான். என் சோத்துல மண்ணைப் போடாதீங்க."

"நீ சும்மா இரு. நாளைக்கு நீ விழுந்தா, மேகம் ரொம்ப அழகா இருந்துச்சும்மான்னா என் தங்கச்சிகிட்ட சொல்லுவேன்?"

யாரோ சிரித்தார்கள். தலைவர் சிரிக்கவில்லை. விறுவிறுவென்று ஏணியில் ஏறினார். "இந்த ஆடம்பரத்தை நானே அவுத்துக் கீழ போடுறேன்."

"வேண்டாம், தலைவரே." மேடத்தின் குரல் முதல் தடவையாக நடுங்கியது. "அந்த முடிச்சை மட்டும் தொடாதீங்க."

"பாத்துக்கங்க தோழர்களே. ஆளு விழுந்தப்ப வராத பதற்றம், துணிக்கு வருது."

பலகையில் மண்டியிட்டு, துணியைக் கட்டியிருந்த முடிச்சுக்குக் கையை நீட்டினார். எட்டவில்லை. இன்னும் கொஞ்சம் குனிந்தார்.

பலகை கைவிட்டது.

மேகம் அவரை வாங்கிக்கொண்டது. ஒருமுறை ஆழத் தாழ்த்தி, மெதுவாக மேலே ஏந்தி, தூளி மாதிரி ஆட்டி நிறுத்தியது. சுற்றிலும் வெளிச்சம். உடம்பில் ஒரு கீறல் இல்லை.

மல்லாந்து கிடந்தபடியே தடவிப் பார்த்தார். இரண்டு துணிகளுக்கு நடுவே, விரல் கனத்துக்குக் கயிறு. கட்டம் கட்டமாக.

"மேடம்... இது..."

வானத்துக்கு அடியிலிருந்து மேடத்தின் குரல் தணிந்து வந்தது.

"மெதுவா, தலைவரே. சேனல்காரங்க பக்கத்து ரூம்லதான் இருக்காங்க. வானம்னு சொல்லித்தான் காசு வாங்கியிருக்கேன்."