கடிதப் பிரிவு

“அந்த ரூம்ல இருந்தது நாலு பேரும்மா. நான், இதோ இந்த சோடாபுட்டி, வாயே திறக்காம உட்கார்ந்திருக்கானே அவன், அப்புறம் எங்க அதிகாரி. அவர் போய்ச் சேர்ந்துட்டார்.”

சொன்னவருக்கு எண்பது வயது. பட்டப்பெயர் அச்சு. கைதிகள் முகாமின் கடிதப் பிரிவில் எழுத்தராக இருந்தவர். முகாமை மூடி, பதிவேடுகளை எரித்துப் பல வருடம் ஆகிறது. மிச்சம் இந்த மூன்று பேர்தான். மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அச்சுவின் வீட்டில் கூடுவார்கள். ஒருவர் கையெழுத்தில் இன்னொருவர் எழுத, எழுதியது யார் என்று கண்டுபிடிக்க வேண்டும். தோற்றவர் டீ போடுவார்.

இதைக் கேள்விப்பட்டுத்தான் ஆவணப்பட இயக்குநர் வந்தாள். ஊர் மறந்ததைத் தோண்டிப் படமெடுப்பது அவள் தொழில். நான்கு மாதமாக விளையாட்டைப் படமெடுத்தாகிவிட்டது. அந்த அறையில் என்ன எழுதினார்கள் என்பதை மட்டும் யாரும் சொல்லவில்லை. சொல்லாவிட்டால் படம் இல்லை. மூன்று கிழவர்கள் டீ குடிப்பதை எவன் பார்ப்பான்?

சோடாபுட்டி வேண்டாம் என்று கையாட்டினார். டாக்டரே நாள் குறித்துவிட்டார், இனி யாருக்குப் பயப்பட வேண்டும் என்றார் அச்சு.

கைதிகளின் மனைவிமார், புருஷனை விடுங்கள் என்று மனு மேல் மனு போட்டு உயிரை எடுத்தார்களாம். அதிகாரி ஒரு வழி சொன்னார். கைதியின் கையெழுத்திலேயே ஒரு கடைசிக் கடிதம். எனக்கு விடுதலை கிடைத்துவிட்டது, வேறு ஊரில் வேறொருத்தியோடு இருக்கிறேன், தேடாதே.

“செத்துட்டான்னு எழுதினா பொணத்தைக் கேப்பாங்க. ஓடிட்டான்னு எழுதினா அவமானத்துல வாயை மூடிக்குவாங்க. அதுக்கப்புறம் ஒரு மனு வரலை.”

எத்தனை கடிதம் என்று கேட்டாள்.

“நான் மட்டும் முந்நூறு இருக்கும். பொம்பளப் புள்ள இருக்கற வீடுன்னா, ‘பாப்பாவுக்கு இருட்டுன்னா பயம், விளக்கை அணைக்காதே’ன்னு கடைசியில ஒரு வரி போடுவேன். அது என் சொந்தச் சரக்கு. அதிகாரியே முதுகுல தட்டினார்.”

ஒளிப்பதிவாளர் அவளைத் திரும்பிப் பார்த்தார். அவள் கையிலிருந்த கேள்வித்தாளை மடித்து வைத்தாள்.

“அப்புறம் அவங்க நிஜமாவே வெளிய வந்தாங்களே?”

“வந்தாங்க. வீட்டுக்குப் போயிருப்பாங்க. அது எங்க பிரிவு இல்லம்மா.”

கேமராவை நிறுத்தச் சொன்னாள். படத்துக்கு வேண்டியது கிடைத்துவிட்டது.

முகாம் மூடிய வருடம், துணிப்பையோடு தன் வீட்டு வாசலில் வந்து நின்ற ஒருவரிடம், செத்துப்போன அம்மாவின் பெட்டியிலிருந்து எடுத்த ஒரு கடிதத்தை அவள் நீட்டினாள். அதுவும் விளக்கை அணைக்காதே என்றுதான் முடிந்தது. திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு அவர் சொன்னார்: “எழுத்து என்னுதுதான் பாப்பா. ஆனா நான் எழுதலை.”

இதைவிட நல்ல பொய்யாக யோசித்துக்கொண்டு வரச் சொல்லி, அவரைப் படியிறக்கிவிட்டுக் கதவைச் சாத்திப் பூட்டியது அவள்தான்.