வாசலைத் தாண்டினால் ராஜினாமா

பணிக்கொடை கைக்கு வரும் நாள்தான் ஓய்வு நாள், அதுவரை ஊழியரைச் சம்பளத்தோடு வைத்திருப்பது முதலாளியின் பொறுப்பு என்று சட்டம் வந்தபோது, ஆலை வாசலில் லூர்துசாமிதான் முதல் சரவெடியைக் கொளுத்தினார்.

இப்போது அவருக்கு எழுபத்தொரு வயது. பணிக்கொடையைக் கம்பெனி இன்னும் தரவில்லை. வேலை கிடையாது, உட்கார ஒரு நாற்காலி உண்டு. ஷிப்ட் முடியுமுன் வாசலைத் தாண்டினால் கையில் மாட்டியிருக்கும் மின்னணுப் பட்டை 'ராஜினாமா' என்று பதிந்துவிடும். பணிக்கொடையும் போய்விடும்.

மகள் ஜெசிந்தா ஆஸ்பத்திரியிலிருந்து அழைத்தாள். "அப்பா, அம்மாக்கு நெனவு தப்புது. உங்களையே கேக்கா. டாக்டர் உடனே வரச் சொல்லுதாரு."

சூப்பர்வைசர் சிரித்தான். "போங்க அண்ணாச்சி, யாரு பிடிச்சா? அதுக்குத்தான கம்பெனியும் இத்தன வருசமா காத்திருக்கு."

ஆஸ்பத்திரி பில்லுக்கு அந்தப் பணத்தை விட்டால் வேறு வழியில்லை. ஷிப்ட் முடிய மூன்று மணி நேரம் இருந்தது.

"போனை அம்மா காதுல வையி," என்றார்.

"பிலோமினா, பொறப்பட்டுட்டேன். பாலத்தத் தாண்டிட்டேன்," என்றார், நாற்காலியை விட்டு எழாமல்.