செவலைப் பசு வழக்கு

“இவ என்ட லோயரா, அவர்ர லோயரா?”

கூண்டுக்குள் நின்ற பிரஷாந்தி, பக்கத்தில் நின்ற பொம்பிளைப் பொலிசிடம் மெதுவாகக் கேட்டாள்.

“வாய மூடிக்கொண்டு நில்லு.”

அந்தப் பொலிசுக்கும் அதே சந்தேகம்தான்.

வழக்கு இதுதான். கோயில் நிருவாகியான வண்ணக்கர் தங்கராசாவின் செவலைப் பசுவைப் பிரஷாந்தி களவெடுத்துத் தன் வீட்டு வளவுக்குள் கட்டி வைத்திருந்தாளாம். நேற்றுப் பின்னேரம் பொலிஸ் வந்து மாட்டையும் ஏற்றியது, அவளையும் ஏற்றியது. கைக்குழந்தை தமக்கையிடம். பிணை கிடைக்காவிட்டால் இன்றைக்கு மறியல் வீட்டில் அடைத்துவிடுவார்கள்.

அவளுக்காகப் பேச ஆளில்லை. பின்வாங்கில் இருந்த எறிக்கா திடீரென்று எழும்பிவிட்டாள். பட்டணத்துப் பறங்கிப் பிள்ளை. லோயராகி முதல் கிழமை. ஒரு காணி உறுதி விசயமாக வந்தவள், அறை மாறி உள்ளே இருந்துவிட்டாள். போட்டிருந்த கறுப்புக் கோட்டு மாமாவுடையது. கை விரல்களை மூடிக்கொண்டு கிடந்தது.

கூண்டுக்கிட்டப் போய்ப் பிரஷாந்தியிடம் கொஞ்ச நேரம் குசுகுசுத்தாள். பிறகு நிமிர்ந்து, பதிவாளரைப் பார்த்து, “கனம் நீதவான் அவர்களே!” என்றாள்.

“நீதவான் இங்கால இருக்கிறார், சட்டத்தரணி அவர்களே,” என்றார் நீதவான்.

மண்டபமே சிரித்தது. எறிக்காவின் காது சிவந்தது. ஆனாலும் உட்காராமல், முன்வாங்கில் இருந்த தங்கராசாவின் பக்கம் திரும்பினாள்.

“தங்கராசா ஐயா, வெளியில மரத்தில கட்டியிருக்கிற மாடு உங்கடதானா?”

“பின்ன? ஊருக்கே தெரியும்.”

“அதுக்கு ரெண்டு பக்கமும் சூட்டுக்காயம் கிடக்கே. பாவம், ஆரு சுட்டது?”

திரும்பவும் சிரிப்பு.

“அது காயமில்ல தங்கச்சி, குறி. வலப்பக்கம் எங்கட குடிக்குறி, பரம்பரைக் குறி. இடப்பக்கம் என்ட பேரெழுத்து.”

“அதே எழுத்து வேற ஆரும் வைச்சிருக்க ஏலாதா?”

“என்ட குறிய இன்னொருத்தன் வைப்பானா? கண்ண மூடிக்கொண்டு சொல்லுவன், என்ட மாடு.”

“வடிவா யோசிச்சுச் சொல்லுங்க. சந்தேகமே இல்லயா?”

“ஒரு சந்தேகமும் இல்ல.”

தங்கராசாவின் லோயர் அழகரத்தினம் எழும்பினார். தலை நரைத்த பெரிய லோயர்.

“கனம் நீதவான் அவர்களே, என்ட வேலைய இவவே செய்து முடிச்சிட்டா. நான் வீட்ட போகவா?”

நீதவானுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. “பிள்ள, நீங்க ஆருக்காக எழும்பினீங்க எண்டு ஞாபகம் இருக்கா?”

“இருக்கு ஐயா. இன்னும் ஒரு கேள்வி.”

எறிக்கா மேசையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

“மாடு உங்கடதான். சரி. அப்ப நேத்து விடியக்காலை இவட வயலுக்குள்ள பூந்து, கதிர் வரப்போற குடலைப் பருவத்துப் பயிர மேய்ஞ்சு துலைச்சதும் உங்கட மாடுதானே? இவ அதப் புடிச்சுக் கட்டிப்போட்டு வயலுக்குப் பொறுப்பான வட்டை விதானைக்கு அறிவிச்சா. அவர் வீடு வீடா வந்து, ‘ஆர்ர மாடு? நட்டத்தக் கட்டிட்டு அவிட்டுக்கொண்டு போங்க’ எண்டு கேக்கக்குள்ள, உங்கட படலையில நிண்டு என்ன சொன்னீங்க?”

தங்கராசா தன் லோயரைத் திரும்பிப் பார்த்தார்.

“‘என்ட மாடில்ல’ எண்டவர் ஐயா!” பின்னால் இருந்து விதானை வினாயகமூர்த்தி கத்தினார்.

“நட்டம் கட்டாம மாட்ட எடுக்கத்தானே பின்னேரம் பொலிசுக்குப் போய்க் களவெண்டு சொன்னீங்க?”

அழகரத்தினம் மெல்ல உட்கார்ந்தார்.

நீதவான் கண்ணாடியைக் கழற்றினார். “தங்கராசா, இது உம்மட மாடா, இல்லயா? உம்மட எண்டா, பயிருக்கும் பதில் சொல்ல வேணும், பொய் முறைப்பாட்டுக்கும் பதில் சொல்ல வேணும்.”

தங்கராசா சால்வையால் முகத்தைத் துடைத்தார். யன்னல் வழியாக மாட்டை ஒருமுறை பார்த்தார்.

“இப்ப பாக்கக்குள்ள... என்ட மாடு மாதிரி இல்ல ஐயா.”

மண்டபம் அதிர்ந்தது. “அமைதி!” என்று பதிவாளர் ரெண்டு தரம் கத்த வேண்டியிருந்தது.

“மாடு அவர்ர இல்ல எண்டா களவும் இல்ல,” என்றார் நீதவான். “பிரஷாந்தி விடுதலை. உரித்தாளன் இல்லாத மாடு அடுத்த தவணை வரைக்கும் பிரதேச சபைத் தொழுவத்தில நிக்கட்டும்.”

எறிக்கா கூண்டடிக்கு ஓடிவந்தாள். “முடிஞ்சுது அக்கா! பிள்ளைக்கிட்டப் போங்க.”

பிரஷாந்தி இறங்கவில்லை. வெளியே மாட்டை அவிழ்த்து இழுத்துக்கொண்டிருந்தார்கள். அது வர மறுத்து நின்றது. அவள் நெஞ்சுப் பக்கம் ஈரமாய்ப் போயிருந்த சட்டையை முந்தானையால் இழுத்து மூடினாள்.

“ஐயா.”

“இன்னும் என்ன?”

“மாடு அவர்ரதான் ஐயா.”

தங்கராசா தலை நிமிர்ந்து பார்த்தார்.

எறிக்கா அவள் கையைப் பிடித்து உலுக்கினாள். “அக்கா, உங்களுக்கென்ன விசரா? திரும்ப உள்ளுக்குப் போட்டிருவாங்க!”

“போட்டாலும் சொல்லத்தான் வேணும் மிஸ்.” அவள் நீதவானைப் பார்த்தாள். “எனக்கு நட்டம் ஒண்டும் வேணாம் ஐயா. அத இப்பவே அவர்ர பட்டிக்கு அனுப்பச் சொல்லுங்க. மடி கல்லு மாதிரி இறுகிக் கிடக்கு, பாருங்க. கண்டுக்குட்டிய விட்டுட்டு நிக்கிற நோவு என்னெண்டு, நேத்து ராவுதான் எனக்கு விளங்கினது.”