இன்னொரு டேக்

"அண்ணா, உள்ள வாங்க. அப்பா கூப்பிடுறாரு."

ஹெட்போனில் அந்தக் குரல் வந்ததும் சவுண்டுக்காரரின் விரல் பொத்தானிலேயே நின்றுவிட்டது.

இருபத்தாறு வருஷத்துக்கு முந்தைய காதல் காமெடிப் படம். மறுபடி தியேட்டருக்கு வருகிறது. பழைய டப்பிங் டேப்பிலிருந்து கரகரப்பை நீக்கும் வேலை, அன்று அதைப் பதிவு செய்த அவரிடமே வந்து சேர்ந்திருந்தது.

வழக்கமான கதைதான். அப்பாவுக்குப் பயந்து நாயகி காதலனை ‘அண்ணா’ என்று கூப்பிட்டுவிடுவாள். அவன் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொள்வான். இரண்டு குடும்பமும் ஆளுக்கு ஒன்றாகப் புரிந்துகொண்டு அல்லாடும். கடைசி ரீலில் எல்லாம் சரியாகிவிடும்.

நாயகிக்குக் குரல் கொடுத்தவளுக்கும் அவருக்கும் இரண்டு வருஷப் பழக்கம். அவரை ‘ஏங்க’ என்றுதான் கூப்பிடுவாள். அந்த ஒரு சொல்லுக்காகவே மனுஷர் ஒரு மணி நேரம் முன்னதாக வந்து, துடைத்த மைக்கையே துடைத்துக்கொண்டிருப்பார்.

ஒருநாள் டப்பிங்குக்கு அவளுடைய அப்பாவும் கூட வந்திருந்தார். வாசலிலேயே அறிமுகம் செய்து வைத்தாள்: இந்த அண்ணாதான்ப்பா ரெக்கார்டிங் பண்றவர்.

போதாக்குறைக்கு, அன்றைக்குப் பார்த்து இந்தக் காட்சி. ஒன்பது டேக். ஒன்பது அண்ணா. வெந்த புண்ணில் வேல் பாய்ச்சினால் எப்படி இருக்கும்? ஊரே சிரிக்கப்போகிற காட்சிக்கு அவருக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

கடைசி டேக் முடிந்ததும் ஹெட்போனைக் கழற்றி வைத்தார். டேப்பை நிறுத்தக்கூடத் தோன்றவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மைக் முன்னால் நின்றபடி அவள் ஏதோ கேட்பது தெரிந்தது. வேறென்ன கேட்கப்போகிறாள், இன்னொரு டேக் வேண்டுமா என்றுதானே?

வேண்டாம் என்று கையை ஆட்டினார். எழுந்து வெளியே போய்விட்டார்.

நல்ல டேக்கை மட்டும் எடுத்துக்கொண்டு மிச்சத்தைப் பெட்டியில் போடுவது வழக்கம். பெட்டிக்குப் போன டேப்பை யாரும் கேட்பதில்லை.

மூன்றாம் மாதம் கல்யாணப் பத்திரிகையோடு வந்தாள். அப்போதும் அண்ணாதான். அப்படியானால் வாசலில் சொன்னதுதான் அவள் மனசு என்று எடுத்துக்கொண்டார். இத்தனை வருஷமும் அவளை உள்ளுக்குள் திட்டிக்கொண்டுதான் இருந்தார்.

இப்போது அந்தப் பெட்டி டேப்பில் ஒன்பதாவது டேக் முடிந்தது. டேப் ஓடிக்கொண்டே இருந்தது.

"ஏங்க, கோவமா? அப்பா முன்னாடி வேற எப்படிக் கூப்பிடுறது? வெளியிலதான் உக்காந்திருக்காரு. நம்ம விஷயத்த இன்னைக்கே பேசிடலாமா?"

அதன்பின் கொஞ்ச நேரம் வெறும் கரகரப்பு. கை ஆட்டினால் மைக்கில் பதியாது.

பிறகு மெதுவாக, மைக்கை விட்டுச் சற்று விலகி, அவள் குரல்.

"சரிண்ணா."