கூட்டுக் கணக்கில் இன்னொருவர்

“லினெட்! மறுபடியும் புட்டுக்கிச்சு!” ஹாலிலிருந்து கத்தினார் கிளைவ்.

“எது? உன் இடுப்பா, சமையலறைக் குழாயா?” மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து மனைவியின் குரல் மட்டும் வந்தது.

“பவுச் ஆப்! நம்ம பேங்க் கணக்கு அதுல தெரிய மாட்டேங்குது. வெள்ளிக்கிழமையிலேர்ந்து ஒரே காலி.”

“அடப்பாவமே! நாலு நாளா நான் என்ன வாங்கினேன்னு தெரியாம எப்படித்தான் தூங்கினியோ?”

கிளைவ் பெண்டிகோ நகரசபையில் முப்பத்தொரு வருடம் வீட்டு வரி வசூலித்தவர். ஓய்வு பெற்ற மறுநாளே, விரட்டுவதற்கு ஊர் இல்லையென்று ஆனதும், வீட்டைப் பிடித்துக்கொண்டார். செலவுக் கணக்குப் பார்க்கும் பவுச் ஆப்பில் கூட்டுக் கணக்கை இணைத்தார். லினெட் காபிக் கடையில் கார்டைத் தட்டினால் போதும். முதல் மடக்கு உள்ளே இறங்குவதற்குள் போன் வந்துவிடும்: “ஏழு டாலரா? பால் என்ன, தங்கப் பசுவோடதா?”

“சரி, ஒரு டீயாவது போட்டுக் குடேன்!”

“வேலையில இருக்கேன். கெட்டில் உன் பக்கத்துலதான் இருக்கு. கடிக்காது.”

“பெரிய வேலை! பொட்டி தட்டற வேலை!” என்று முனகிக்கொண்டே கிளைவ் ஆப்பின் உதவிப் பக்கத்தைத் திறந்தார்.

‘வணக்கம் சார், நான் பிப். என்ன பிரச்சினை?’ என்று திரையில் எழுத்து வந்தது.

ஒற்றை விரலால் தட்டினார் கிளைவ். ‘தம்பி, பேங்க் இணைப்பு அறுந்துபோச்சு. சரி பண்ணு.’

‘வருத்தமா இருக்கு சார். ஆப்பைப் புதுப்பிச்சீங்களா?’

‘ஆச்சு.’

‘கணக்கை எடுத்துட்டுத் திரும்பச் சேர்த்துப் பார்த்தீங்களா?’

‘மூணு தடவை. போனையே அணைச்சுப் போட்டும் பார்த்துட்டேன்.’

‘பேங்க் பாஸ்வேர்டை மாத்தினீங்களா?’

‘பதினொரு வருஷமா ஒரே பாஸ்வேர்டுதான். எங்க நாயோட பேரு.’

‘அதையெல்லாம் வெளிய சொல்லாதீங்க சார்.’

‘நாயோட பேரைச் சொல்லலையே!’

‘அந்த மட்டுக்கும் புண்ணியம் சார். பேங்க்ல கேட்டீங்களா?’

‘கேட்டேன். ஆப்காரனைக் கேளுன்னுட்டான்.’

‘வழக்கமா நாங்கதான் பேங்கைக் கேளுங்கன்னு சொல்லுவோம். இன்னைக்கு அவங்க முந்திக்கிட்டாங்க. ஒரு நிமிஷம் இருங்க, பார்க்கறேன்.’

கிளைவ் காத்திருந்தார். வேறு வழியில்லாமல் டீயும் போட்டுக்கொண்டார்.

‘சார், கோளாறு ஆப்லயும் இல்லை, பேங்க்லயும் இல்லை. இது கூட்டுக் கணக்கு. விவரங்களை ஆப்புக்குக் கொடுக்க வேண்டாம்னு இன்னொருத்தர் நிறுத்தி வெச்சிருக்காங்க. வெள்ளிக்கிழமை காலையில.’

கிளைவுக்குச் சிரிப்பில் டீ புரையேறியது.

‘என் பொண்டாட்டியா? அவளுக்கு டிவி ரிமோட்டே பிடிபடாது தம்பி! கை தவறிப் பட்டிருக்கும்.’

‘அப்படிங்களா சார்.’

‘நீயே திருப்பிப் போட்டுடு.’

‘அவங்க சம்மதிச்சாத்தான் முடியும் சார்.’

‘நான் அவ புருஷன்யா!’

‘அதுக்குன்னு எங்ககிட்ட ஒரு பட்டன் இல்லை சார்.’

கிளைவ் கதவைத் திரும்பிப் பார்த்தார். மூடியேதான் இருந்தது. கொஞ்சம் குனிந்துகொண்டு, ரகசியம் பேசுவதுபோல மெதுவாகத் தட்டினார்.

‘அது கிடக்கட்டும், இன்னொரு விஷயம். அவ சம்பளத்துக்குத் தனியா ஒரு கணக்கு வெச்சிருக்கா. அதையும் இதுல கோத்துடணும். அவ குளிக்கப் போறப்ப, அவ போனுக்கு வர்ற நம்பரை நான் பார்த்துச் சொல்லிடறேன். அவளுக்குத் தெரியவே கூடாது, தம்பி.’

‘பிப் எழுதுகிறார்’ என்று திரையில் தோன்றியது. மறைந்தது. மறுபடி தோன்றி, மறுபடி மறைந்தது.

‘அது குற்றம் சார்,’ என்று கடைசியில் பதில் வந்தது.

‘வீட்டுக்குள்ள என்னப்பா குற்றம்? உனக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?’

‘ஆயிடுச்சு சார்.’

‘அப்ப உனக்கே புரியும்.’

‘இப்பத்தான் நல்லாப் புரியுது சார்.’

‘சரி, அவளை எப்படி வழிக்குக் கொண்டுவர்றது? அதையாவது சொல்லு.’

‘கொஞ்சம் பேச்சுக் குடுங்க சார். எந்தக் கம்பெனியில, என்ன வேலை பார்க்கறாங்கன்னு கேளுங்க. அதுலேர்ந்து ஆரம்பிங்க.’

இது கிளைவுக்குத் தோன்றாத யோசனை. இரண்டு வருடமாக அவள் அந்த அறையில் உட்கார்ந்து எதையோ தட்டிக்கொண்டிருக்கிறாள். வேலை கிடைத்த அன்று கம்பெனி பெயரைச் சொல்லத்தான் செய்தாள். அப்போது டிவியில் கால்பந்து ஓடிக்கொண்டிருந்தது.

பையன் விவரமானவன்தான் என்று நினைத்துக்கொண்டே எழுந்தார். கப்பில் மிச்சமிருந்த டீயை ஒரே மடக்கில் குடித்தார். அறைக்கதவைத் திறந்து, தேன் ஒழுகும் குரலில் கேட்டார்.

“லினெட் கண்ணு, நீ எந்தக் கம்பெனியிலம்மா வேலை பார்க்கறே?”

லினெட் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, லேப்டாப்பை மெல்ல அவர் பக்கம் திருப்பினாள்.

திரையில் அவருடைய எழுத்துகளே அவரைப் பார்த்தன: ‘அவளுக்குத் தெரியவே கூடாது, தம்பி.’